சாட்சிக்கு முன்னால் ஒரு திரை: எதிரி எதை இழக்கிறார்?

2012இல் போக்சோ சட்டம் வந்ததிலிருந்து வழக்கறிஞர் சங்க அறைகளில் ஒரு பேச்சு ஓய்ந்தபாடில்லை. சாட்சிக்குத் திரை, சாட்சிக்குத் தனி அறை, சாட்சிக்குக் காணொலி, சாட்சியிடம் குரலை உயர்த்தக் கூடாது, திரும்பத் திரும்பக் கூப்பிடக் கூடாது. இப்படி ஒவ்வொன்றாகக் கொடுத்துக்கொண்டே போனால் எதிரிக்கு மிச்சம் என்ன இருக்கிறது என்பதுதான் அந்தப் பேச்சு. சாட்சிக்குச் சேரும் ஒவ்வொரு பாதுகாப்பும் எதிரியின் நியாயமான விசாரணை உரிமையிலிருந்து பிடுங்கிக் கொடுக்கப்படுவது என்று நம்புகிறவர்கள் கெட்டவர்கள் அல்லர். ஏழை எதிரிக்காகக் காசு வாங்காமல் ஆஜராகிறவர்கள் அவர்களில் பலர். நானும் பெரும்பாலும் எதிரித் தரப்பில்தான் ஆஜராகிறேன். எனவே இதை எங்கள் வீட்டுக்குள் நடக்கும் சண்டையாகவே எடுத்துக்கொள்ள வேண்டும். அந்தக் கருத்து தவறு என்பது மட்டும் என் வாதம் இல்லை. அது எதிரிக்கே கெடுதல் செய்கிறது என்கிறேன்.

முதலில் அந்தக் கருத்தை அதன் முழு பலத்தோடு எடுத்துவைக்கிறேன். ஒருவர் மீது குற்றம் சாட்டப்படுகிறது. நிரூபணமானால் அவருடைய ஆயுளே சிறையில் கழியலாம். அப்படியொரு பழியைச் சுமத்துகிறவர் அவர் முகத்தைப் பார்த்துச் சொல்லட்டும். முதுகுக்குப் பின்னால் பொய் சொல்வது எளிது, முகத்துக்கு நேரே சொல்வது கடினம். இந்த நியாயத்தை வைத்துத்தான் 1988இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஐயோவா மாநிலத்து வழக்கொன்றில், 13 வயதுச் சிறுமிகள் இருவருக்கும் எதிரிக்கும் நடுவே திரை வைத்தது தவறு என்று தீர்ப்பளித்தது. நம் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 273ஆவது பிரிவும் சாட்சியம் எதிரியின் முன்னிலையில் பதிவாக வேண்டும் என்றது. இப்போதைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அதுவே 308ஆவது பிரிவு.

ஐயோவா தீர்ப்பை எடுத்துக்காட்டுகிறவர்கள் அதே நீதிமன்றம் இரண்டே ஆண்டுகளில், 1990இல், மேரிலாந்து வழக்கில் சொன்னதை ஏனோ சொல்வதில்லை. இந்தக் குழந்தைக்கு இது தேவை என்று நீதிபதி விசாரித்துத் தெளிந்தால், குழந்தை வேறு அறையில் இருந்துகொண்டு தொலைக்காட்சி வழியாகச் சாட்சி சொல்லலாம் என்று அது ஏற்றுக்கொண்டது. நம் உச்ச நீதிமன்றம் 2003இல் மகாராஷ்டிர அரசுக்கும் மருத்துவர் பிரஃபுல் தேசாய்க்கும் இடையிலான வழக்கில் இன்னும் தெளிவாகப் பேசியது. அந்தச் சாட்சி குழந்தை அல்ல, அமெரிக்காவில் இருந்த ஒரு மருத்துவர். எதிரிகளும் மருத்துவர்கள். ‘முன்னிலை’ என்றால் ஒரே அறையில் உடம்போடு இருப்பது மட்டும் அல்ல. எதிரி பார்க்க முடிகிறது, கேட்க முடிகிறது, அவருடைய வழக்கறிஞர் குறுக்கு விசாரணை செய்ய முடிகிறது, அது போதும் என்றது நீதிமன்றம்.

போக்சோவின் 36ஆவது பிரிவை நிதானமாகப் படித்துப் பார்க்கலாம். குழந்தை எதிரியின் கண்ணில் படாமல் பார்த்துக்கொள்ளச் சொல்கிறது. அதே மூச்சில், குழந்தை சொல்வது எதிரியின் காதில் விழ வேண்டும், அவர் தன் வழக்கறிஞரோடு பேசிக்கொள்ள முடிய வேண்டும் என்றும் சொல்கிறது. யார் சாட்சி சொல்கிறார் என்று எதிரிக்குத் தெரியும். என்ன சொல்கிறார் என்று தெரியும். முன்பு போலீசாரிடமும் நடுவரிடமும் என்ன சொன்னார் என்பதன் நகல் கையில் இருக்கிறது. முரண்பாட்டைக் காட்டிக் கேள்வி கேட்க ஆள் இருக்கிறார். பதிலை நீதிபதி நேரில் பார்க்கிறார். இத்தனையும் அப்படியே இருக்க, திரையால் போவது ஒன்றே ஒன்று: சாட்சி எதிரியின் கண்ணைப் பார்ப்பது. அந்தப் பார்வைக்கு உண்மையைக் கண்டுபிடிக்கும் சக்தி உண்டா என்பதுதான் கேள்வி.

உண்டு என்பதற்கு எங்கள் தரப்பில் சொல்லும் காரணம் சாட்சியின் நடத்தை. தடுமாறுகிறாரா, வியர்க்கிறதா, கண்ணைத் தாழ்த்துகிறாரா, இவற்றை வைத்துப் பொய்யைப் பிடித்துவிடலாம் என்ற நம்பிக்கை. மனிதர்கள் பிறர் பொய்யை எவ்வளவு சரியாகக் கண்டுபிடிக்கிறார்கள் என்று உலகெங்கும் நடந்த ஆய்வுகளைத் திரட்டி 2006இல் பாண்ட், டிபாலோ என்ற இரு உளவியலாளர்கள் கணக்கெடுத்தார்கள். சராசரி 54 சதவீதம். காசைச் சுண்டிவிட்டால் 50. மேலும், பயந்த குழந்தையும் பொய் சொல்லும் குழந்தையும் வெளியே ஒரே மாதிரிதான் தெரிவார்கள். இருவரும் தரையைப் பார்ப்பார்கள், இருவருக்கும் குரல் கம்மும். எதிரியைக் கண்டு நடுங்கும் குழந்தையை நிறுத்தி வைத்துவிட்டு, அந்த நடுக்கத்தை வைத்து அவள் பொய்யைக் கண்டுபிடிக்கிறோம் என்றால், எதை அளக்கிறோம் என்றே நமக்குத் தெரியவில்லை என்று பொருள்.

சரி, நடத்தைக்கு மதிப்பு இருப்பதாகவே வைத்துக்கொள்வோம். நம் நீதிமன்றங்களில் அந்த நடத்தை எங்கே போய்ச் சேர்கிறது? சாட்சி தன் மொழியில், தன் வேகத்தில் ஏதோ சொல்கிறார். நீதிபதி அதை வாக்கியமாக்கித் தட்டச்சருக்குச் சொல்கிறார். ‘ஆஜர் எதிரியை எனக்குத் தெரியும். அ.சா.2 என் அம்மா. சம்பவம் நடந்து இரண்டு வருடம் இருக்கும்’ என்று எல்லாச் சாட்சிகளும் ஒரே ஆள் எழுதிக்கொடுத்ததுபோல் பேசுவார்கள். கேள்வி அதில் இருக்காது. பதிலுக்கு முன்னால் இருந்த நீண்ட மௌனம் இருக்காது. அழுகை இருக்காது. சாட்சியின் நடத்தை பற்றிக் குறிப்பு எழுத நீதிபதிக்குச் சட்டம் இடம் கொடுக்கிறது. எழுதியதைப் பார்ப்பது அரிது. பிறகு அந்த நீதிபதிக்கு மாறுதல் வரும். முன்னவர் பதிவு செய்த சாட்சியத்தை வைத்தே பின்னவர் தீர்ப்பு எழுதலாம் என்று பழைய சட்டத்தின் 326ஆவது பிரிவு அனுமதித்தது, புதிய சட்டமும் அனுமதிக்கிறது. சாட்சியை ஒருநாளும் பார்க்காதவர் ஆயுள் தண்டனை கொடுக்கிறார், அல்லது விடுதலை செய்கிறார். மேல்முறையீட்டில் இருவர் அமர்வு அதே தட்டச்சுத் தாள்களைப் படிக்கிறது. நேருக்கு நேர் பார்ப்பதில்தான் நியாயம் குடியிருக்கிறது என்றால், முதலில் இந்த ஏற்பாட்டை எதிர்த்துத்தான் நாங்கள் கொடி பிடித்திருக்க வேண்டும். சாட்சியத்தை ஒலி, ஒளியாகப் பதிவு செய் என்று கேட்டிருக்க வேண்டும். அதைக் கேட்காமல் ஒரு திரைச்சீலையைப் பிடித்துக்கொண்டு சண்டை போடுகிறோம்.

இன்னொன்றும் சொல்வார்கள்: திரையைப் பார்த்தாலே நீதிபதி மனதில் ‘இவன் ஆபத்தானவன்’ என்று பதிந்துவிடும் என்று. ஜூரி முறை உள்ள நாட்டில் இது பொருட்படுத்த வேண்டிய பயம். நம் நாட்டில் ஜூரி போய் அரை நூற்றாண்டு ஆகிறது. எல்லாப் போக்சோ வழக்கிலும் எல்லாக் குழந்தைக்கும் சட்டப்படி திரை என்று ஆன பிறகு, அந்தத் திரை எந்த ஒரு எதிரியைப் பற்றியும் எதுவும் சொல்வதில்லை.

நீதிமன்ற வராந்தாவுக்கு வாருங்கள். மாவட்டத் தலைநகர் ஒன்றின் நீதிமன்றத்தில் கண்ணால் பார்த்ததைச் சொல்கிறேன். பத்து, பதினொரு வயதுப் பெண் பிள்ளை. பாட்டி கையைப் பிடித்துக்கொண்டு காலை பத்தரைக்கே வந்துவிட்டாள். உட்கார ஒரே ஒரு மர பெஞ்சு. அதன் மறுமுனையில் எதிரியின் அண்ணனும் அவர் மனைவியும். எதிரி ஜாமீனில் வெளியே இருந்ததால் படிக்கட்டருகே நின்று டீ குடித்துக்கொண்டிருந்தான். அந்த அம்மாள் பிள்ளைக்குப் பன் வாங்கி நீட்டினாள். பிள்ளை வாங்கவில்லை, பாட்டி முந்தானைக்குள் போய்விட்டாள். மிரட்டல் என்று எழுதிக்கொடுக்க அங்கே எதுவுமே நடக்கவில்லை. பன் நீட்டியது எந்தச் சட்டத்திலும் குற்றம் இல்லை. மதியத்துக்கு மேல் டவாலி வெளியே வந்து பிள்ளையின் பெயரை, அப்பா பெயரோடு சேர்த்து, மூன்று முறை உரக்கக் கூவினார். பத்திரிகையில் அச்சிட்டால் தண்டனை உண்டு என்று சட்டம் சொல்லும் பெயர். வராந்தா முழுக்கத் திரும்பிப் பார்த்தது. உள்ளே போன பிறகு எதிரித் தரப்பு வழக்கறிஞர் வேறு நீதிமன்றத்தில் இருப்பதாகச் சொல்லி வாய்தா கேட்கப்பட்டது. கொடுக்கப்பட்டது. அடுத்த மாதம் அதே பெஞ்சு.

நீதிமன்ற அறைக்குள் வைக்கும் திரை இந்த வராந்தாவில் எதையும் மறைக்காது. அதனால்தான் உச்ச நீதிமன்றம் திரையோடு நிற்கவில்லை. 2017இல் காது கேளாத, வாய் பேச இயலாத பெண் ஒருவர் பாதிக்கப்பட்ட மகாராஷ்டிர வழக்கில், ஒவ்வோர் உயர் நீதிமன்ற எல்லைக்குள்ளும் குறைந்தது இரண்டு சிறப்பு மையங்கள் வேண்டும் என்றது. 2018 டிசம்பர் 5 அன்று மகேந்தர் சாவ்லா வழக்கில், 2019 முடிவதற்குள் எல்லா மாவட்ட நீதிமன்றங்களிலும் எளிதில் பாதிக்கப்படக்கூடிய சாட்சிகளுக்கான வளாகம் அமைய வேண்டும் என்று கெடு வைத்தது. கெடு கடந்துபோனது. 2022 ஜனவரியில் ஸ்ம்ருதி படாடே வழக்கில் மறுபடியும் உத்தரவு போட வேண்டியிருந்தது. நீதிபதி கீதா மிட்டல் தலைமையில் குழுவும் போட்டது. யார் எளிதில் பாதிக்கப்படக்கூடியவர் என்ற வரையறையையும் குழந்தைகளைத் தாண்டி விரித்தது. பாலியல் வன்முறைக்கு ஆளான எந்தப் பாலினத்தவரும், மனநோய் உள்ளவரும், பேச்சிலும் கேட்பதிலும் குறையுள்ளவரும், மிரட்டலுக்கு உள்ளானவரும் அதில் வருவார்கள். தனி வாசல், தனிக் காத்திருப்பு அறை, கழிப்பறை, காணொலி இணைப்பு: இவைதான் அந்த வளாகம். டெல்லியில் கர்கர்டூமா நீதிமன்றத்தில் 2012இலேயே தொடங்கிவிட்டார்கள். இவற்றில் எதிரியின் எந்த உரிமை குறைகிறது? சாட்சி எந்த வாசல் வழியாக உள்ளே வர வேண்டும் என்று தீர்மானிக்கும் உரிமை எதிரிக்கு எப்போது இருந்தது?

குறுக்கு விசாரணைக்கு வருகிறேன். எங்கள் தரப்பின் எதிர்ப்பு இங்கேதான் கூர்மையானது, அலட்சியமாகத் தள்ளக் கூடாதது. 2004இல் சாக்ஷி வழக்கில், சம்பவத்தைப் பற்றி நேரடியாகக் கேட்கும் கேள்விகளை எழுத்தில் நீதிபதியிடம் கொடுத்து, அவர் வழியாகச் சாட்சியிடம் கேட்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். போக்சோவின் 33ஆவது பிரிவும் வழக்கறிஞரின் கேள்வி சிறப்பு நீதிமன்றத்தின் வழியாகவே குழந்தைக்குப் போக வேண்டும் என்கிறது. எதிர்பாராத கேள்வியில்தான் குறுக்கு விசாரணையின் உயிர் இருக்கிறது, எழுதிக் கொடுத்தால் உயிர் போய்விடும் என்கிறார்கள். கேள்வித்தாள் போவது நீதிபதியின் கைக்கு. சாட்சி அதை முன்கூட்டிப் பார்ப்பதில்லை. பதிலைப் பார்த்துத் துணைக்கேள்வி எழுதிக் கொடுப்பதையும் யாரும் தடுப்பதில்லை. எதிர்பாராத தன்மை அப்படியே இருக்கிறது. போவது தொனி. ‘நீ பொய்தானே சொல்றே?’ என்று மேசையைத் தட்டுவது போகிறது. ஒரே வாக்கியத்தில் மூன்று எதிர்மறைகளைக் கோத்து, எட்டு வயதுக் குழந்தை ‘ஆமாம்’ என்றாலும் ‘இல்லை’ என்றாலும் மாட்டிக்கொள்ளும் கேள்விகள் போகின்றன. அப்படி வாங்கிய ‘ஆமாம்’ எதிரிக்கு விடுதலை வாங்கித் தரலாம். அவர் செய்தாரா இல்லையா என்பது பற்றி யாருக்கும் எதுவும் தெரிந்திருக்காது. பல நீதிமன்றங்களில் இந்தப் பிரிவு ஏட்டோடு நிற்கிறது, வழக்கறிஞரே நேரடியாகக் கேட்டுவிடுகிறார் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். நடைமுறைக்கு வராத ஒன்றால் தங்களுக்கு நட்டம் என்று புலம்புகிறவர்கள் எங்களில் உண்டு.

குழந்தைக்குச் சொல்லிக்கொடுத்துக் கூட்டி வருகிறார்கள் என்ற வாதத்தில் உண்மை இருக்கிறது. குடும்பத் தகராறில், காதலைப் பிரிப்பதில், நிலச் சண்டையில் போக்சோ ஆயுதமாவதை நான் பார்த்திருக்கிறேன். நிரபராதி மாட்டுகிறார். ஆனால் சொல்லிக்கொடுத்த சாட்சியை உடைக்க எது உதவும்? கலிபோர்னியாவில் மக்மார்ட்டின் பாலர் பள்ளி வழக்கு 1983இல் தொடங்கி 1990 வரை நடந்தது. நூற்றுக்கணக்கான குழந்தைகளைத் திரும்பத் திரும்ப விசாரித்து, ‘மற்றப் பிள்ளைகள் சொல்லிவிட்டார்களே, நீயும் சொல்’ என்ற பாணியில் கேட்டுக் கேட்டு, நடக்க முடியாததையெல்லாம் நடந்ததாகச் சொல்ல வைத்தார்கள். கடைசியில் ஒருவர்மீதும் குற்றம் நிரூபணமாகவில்லை. குற்றம் நிரூபணமாகாமலே ஒருவர் ஐந்து ஆண்டுகள் சிறையில் கிடந்தார். அதிலிருந்து உலகம் கற்றுக்கொண்டது, குழந்தையை எதிரிக்கு நேரே நிறுத்து என்பதை அல்ல. பயிற்சி பெற்ற ஒருவர், பதிலை ஊட்டாத திறந்த கேள்விகளை வைத்து, சீக்கிரமாக, ஒரே முறை கேட்க வேண்டும். கேட்டதை முழுக்கப் பதிவு செய்து எதிரித் தரப்பிடமும் கொடுக்க வேண்டும் என்பதைத்தான். இங்கிலாந்து இன்னும் ஒரு படி மேலே போய், 1999ஆம் ஆண்டுச் சட்டத்தின் 28ஆவது பிரிவில் குறுக்கு விசாரணையையும் முன்கூட்டியே பதிவு செய்து வைத்துக்கொள்ள வழி செய்தது. குழந்தையின் நினைவு பசுமையாக இருக்கும்போதே எதிரியின் வழக்கறிஞர் கேட்டுவிடலாம். இதனால் அதிகம் பயன்பெறுவது பொய்யாகக் குற்றம் சாட்டப்பட்டவர்.

நம்மூரில் என்ன நடக்கிறது? போக்சோவின் 35ஆவது பிரிவு, நீதிமன்றம் வழக்கைக் கோப்பில் எடுத்த 30 நாட்களுக்குள் குழந்தையின் சாட்சியத்தைப் பதிவு செய்யச் சொல்கிறது. ஒரு வருடத்துக்குள் விசாரணையை முடிக்கப் பார்க்கச் சொல்கிறது. அது எத்தனை வழக்கில் நடக்கிறது என்று எந்த வழக்கறிஞரையும் கேட்டுப் பாருங்கள். முதல் விசாரணை ஒரு நாள், குறுக்கு விசாரணை இன்னொரு நாள் என்பது பழகிப்போன ஏற்பாடு. 2015இல் வினோத்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றத்துக்கு முன்னால் வந்தது அப்படிப்பட்ட கதைதான். முதல் விசாரணை முடிந்து 20 மாதம் கழித்துக் குறுக்கு விசாரணை. அதற்குள் சாட்சி தலைகீழாகப் புரண்டிருந்தார். அந்த வழக்கத்தை நீதிமன்றம் கடுமையாகக் கண்டித்தது. இந்த இடைவெளியில்தான் சொல்லிக்கொடுப்பதும் நடக்கிறது, மிரட்டுவதும் நடக்கிறது, பேரம் பேசுவதும் நடக்கிறது. வாய்தா வாங்கி வாங்கி அந்த இடைவெளியை அகலமாக்குவதில் எங்கள் தரப்புக்குப் பெரும் பங்கு உண்டு. குழந்தைக்குச் சொல்லிக்கொடுத்துவிட்டார்கள் என்று வாதிடும் அதே வாயால் வாய்தா கேட்கும் உரிமை எங்களுக்கு இல்லை.

பொதுமக்கள் நடுவே இதற்கு நேர் எதிரான ஒரு குரல் கேட்கிறது. சாட்சி பிறழ்ந்தால் பிடித்து உள்ளே போடு, அப்போது எவரும் பிறழ மாட்டார்கள் என்பது அந்தக் குரல். அதுவும் சாட்சியைத் தனியாக விட்டுவிடுகிற குரல்தான். 2015 ஜூனில் சேலத்தைச் சேர்ந்த பொறியியல் பட்டதாரி கோகுல்ராஜ், திருச்செங்கோடு கோயிலிலிருந்து கூட்டிப்போகப்பட்டுச் சாதியின் பெயரால் கொல்லப்பட்டார். உடல் பள்ளிபாளையம் அருகே தண்டவாளத்தில் கிடந்தது. நாமக்கல்லில் நடந்த விசாரணையில் சாட்சிகள் ஒவ்வொருவராகப் பிறழ, வழக்கை மதுரைக்கு மாற்றக் கேட்டுக் கோகுல்ராஜின் தாய் போராட வேண்டியிருந்தது. கடைசியாகக் கோகுல்ராஜோடு இருந்த தோழியும் பிறழ்ந்தார். மேல்முறையீட்டில் 2022 நவம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் அந்தப் பெண்ணைத் திரும்ப அழைத்து, கோயில் கண்காணிப்புக் கேமராக் காட்சியைத் திரையில் ஓடவிட்டுக் கேட்டது. அது நான் இல்லை என்றார். நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கை தொடங்கியது. 2023 ஜூனில் முதன்மை எதிரியின் தண்டனை உறுதியானது. வழக்கைத் தாங்கி நிறுத்தியது கேமரா. மனிதர்கள் வாயடைத்துப் போன இடத்தில் அதுதான் பேசியது.

அந்தப் பெண் உண்மை சொல்லியிருக்க வேண்டும், அதில் எனக்கு இரு கருத்து இல்லை. ஆனால் அவர் வாழ வேண்டியது அதே சாதிக்குள், அதே ஊரில், அதே வீட்டில். முதல் தடவை கூண்டில் ஏறுவதற்கு முன் அவருக்கு வேறு ஊரில் தங்க இடம், படிக்கவோ வேலை பார்க்கவோ வழி, நம்பிப் பேச ஒருவர் என்று அரசு எதைக் கொடுத்தது? பெஸ்ட் பேக்கரி வழக்கிலும் இதே வரிசையைப் பார்க்கலாம். 2002 மார்ச்சில் வதோதராவில் 14 பேர் கொல்லப்பட்டார்கள். 2003 ஜூனில் 21 எதிரிகளும் விடுதலையானார்கள். சாட்சிகள் பயத்தில் பிறழ்ந்ததை ஏற்று, 2004 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் மகாராஷ்டிரத்தில் மறு விசாரணைக்கு உத்தரவிட்டது. நியாயமான விசாரணை என்பது எதிரிக்கு மட்டும் உரியது அல்ல, பாதிக்கப்பட்டவருக்கும் சமூகத்துக்கும் உரியது என்று அந்தத் தீர்ப்பு அழுத்திச் சொன்னது. மறுபடி மாற்றிப் பேசிய முதன்மைச் சாட்சிக்கு 2006இல் அதே நீதிமன்றம் ஓராண்டு சிறை கொடுத்தது. அந்தத் தண்டனை வந்து 12 ஆண்டு கழித்துத்தான் நாடு முழுவதற்குமான சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் என்ற ஒன்றே நடைமுறைக்கு வந்தது.

பொள்ளாச்சிப் பாலியல் வன்கொடுமை வழக்கை இதோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். 2019இல் புகார் கொடுத்த பெண்ணின் அண்ணன் தாக்கப்பட்டார். அந்தப் பெண்ணின் பெயரைக் காவல்துறை அதிகாரியே வெளியே சொன்னார், அரசாணையிலும் பெயர் வந்தது. இழப்பீடாக 25 லட்சம் கொடுக்கச் சொன்னது உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. அவ்வளவு மோசமாகத் தொடங்கிய வழக்கு. ஆனால் கோவை மகளிர் நீதிமன்றத்தில் விசாரணை மூடிய அறையில் நடந்தது, அடையாளங்கள் காக்கப்பட்டன, ஒரு சாட்சிகூடப் பிறழவில்லை என்று அரசுத் தரப்பு வழக்கறிஞர் தீர்ப்பு நாளில் சொன்னார். 2025 மே 13 அன்று ஒன்பது பேருக்கும் சாகும்வரை சிறை. எதிரிகளுக்கு வழக்கறிஞர்கள் இருந்தார்கள், குறுக்கு விசாரணை நடந்தது, மேல்முறையீட்டுக்கு வழி இருக்கிறது. மூடிய அறை அவர்களிடமிருந்து எதையும் எடுக்கவில்லை.

சாட்சி ஒரு கட்சி, எதிரி ஒரு கட்சி என்று மனிதர்களை இரண்டாகப் பிரிப்பதே பிசகு என்பதற்கு வாச்சாத்தியைவிட வேறு ஊரைச் சொல்ல எனக்குத் தெரியாது. 1992 ஜூன் 20 அன்று சந்தனக்கட்டைத் தேடுதல் என்ற பெயரில் வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறையினர் அந்த மலையடிவாரக் கிராமத்தில் புகுந்தார்கள். 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார்கள். வீடுகள் நொறுக்கப்பட்டன. பிறகு அதே பெண்கள், குழந்தைகளோடு, சந்தனக் கடத்தல் வழக்கில் எதிரிகளாகச் சேலம் சிறைக்கு அனுப்பப்பட்டார்கள். 1995இல் உயர் நீதிமன்றம் சிபிஐ விசாரணைக்கு உத்தரவிட்ட பிறகு அவர்களே சாட்சிகளானார்கள். எதிரிகளாக இருந்தபோது அவர்களுக்கு ஒரு வழக்கறிஞரும் பயமில்லாத விசாரணையும் வேண்டியிருந்தன. சாட்சிகளாக ஆனபோதும் வேண்டியிருந்தது அதேதான். 269 பேர் மீது வழக்கு. 2011 செப்டம்பர் 29 அன்று தருமபுரி நீதிமன்றம் தீர்ப்புச் சொல்வதற்குள் 54 பேர் இறந்துவிட்டார்கள். மிச்சமிருந்த 215 பேரும் குற்றவாளிகள் என்றது. 2023இல் அதே தேதியில் உயர் நீதிமன்றம் உறுதி செய்தது. 19 வருடம் அந்தப் பெண்கள் சொன்னதையே சொன்னார்கள். அவர்களுக்கு எந்த அரசுத் திட்டமும் பாதுகாப்புக் கொடுக்கவில்லை. மலைவாழ் மக்கள் சங்கம் கூடவே நின்றது, வழக்குக்குக் கூட்டிப் போனது, திரும்பக் கொண்டுவந்து விட்டது, ஊர் ஒன்றாக நின்றது. சங்கம் இல்லாத ஊரில், ஒற்றை வீட்டில், சொந்தக்காரரே எதிரியாக இருக்கும் பிள்ளைக்கு அந்தப் பலம் எங்கிருந்து வரும்?

எங்கள் தரப்பு உண்மையிலேயே குரல் எழுப்ப வேண்டிய இடங்கள் இரண்டு உண்டு. ஒன்று, சாட்சி யார் என்பதையே எதிரியிடமிருந்து மறைப்பது. தடா சட்டத்தின் 16ஆவது பிரிவு அதற்கு வழி செய்தது. 1994இல் கர்தார் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. பொடாவில் தொடர்ந்தது, இன்று ஊபா சட்டத்தின் 44ஆவது பிரிவிலும் என்ஐஏ சட்டத்தின் 17ஆவது பிரிவிலும் இருக்கிறது. ஆள் யார் என்று தெரியாவிட்டால் அவருக்கும் எதிரிக்கும் முன்பகை உண்டா, சம்பவ இடத்தில் அவர் இருந்திருக்க முடியுமா, போலீசுக்குத் தகவல் சொல்லிப் பிழைக்கிறவரா என்று எதையும் கேட்க முடியாது. 2008இல் இங்கிலாந்தின் பிரபுக்கள் சபை டேவிஸ் வழக்கில், பெயர் தெரியாத சாட்சிகளை நம்பிக் கொடுத்த கொலைத் தண்டனையை இந்தக் காரணத்துக்காகவே ரத்து செய்தது. பாராளுமன்றம் உடனே சட்டம் போட்டு அதை மாற்றியது என்பது வேறு விஷயம். திரை கேள்வியை விட்டுவைக்கிறது. அடையாளத்தை மறைப்பது கேள்வியையே பறிக்கிறது. இரண்டையும் ‘சாட்சிப் பாதுகாப்பு’ என்ற ஒரே பெயரில் போட்டுக் குழப்புவதால்தான், ஆறு வயதுக் குழந்தையின் திரையை எதிர்க்கும் சக்தியில் பாதியைக்கூட ஊபா வழக்குகளில் நாங்கள் செலவழிப்பதில்லை.

மற்றொன்று யாரும் பேசாதது. 2018ஆம் ஆண்டுத் திட்டத்தின்படி பாதுகாப்புக் கேட்கும் சாட்சி மாவட்ட நிலைக்குழுவிடம் விண்ணப்பிக்க வேண்டும். மாவட்ட அமர்வு நீதிபதி தலைவர், மாவட்டக் காவல்துறைத் தலைவர் உறுப்பினர், அரசு வழக்கு நடத்துநர்களின் மாவட்டத் தலைமை அதிகாரி உறுப்பினர் செயலாளர். விண்ணப்பம் அந்தச் செயலாளர் வழியாகத்தான் போக வேண்டும். ஆபத்து எவ்வளவு என்ற அறிக்கையைக் காவல் துணைக் கண்காணிப்பாளர் கொடுப்பார். பாதுகாப்பு உத்தரவு ஒரு தடவைக்கு மூன்று மாதத்துக்கு மேல் போகக் கூடாது. சாட்சி என்ற வரையறையில் எதிரித் தரப்புச் சாட்சியும் வருவார். ஆனால், ‘சம்பவ நேரத்தில் இவன் என் கடையில்தான் இருந்தான்’ என்று சொல்லத் தயாராக இருக்கும் டீக்கடைக்காரர், போலீசுக்குப் பயந்து பாதுகாப்புக் கேட்க வேண்டுமானால், தான் யார், எங்கே இருக்கிறேன், என்ன சொல்லப் போகிறேன் என்பதை அரசுத் தரப்பின் மேசையிலேயே கொண்டுபோய் வைக்க வேண்டும். பிறகு அதே போலீஸ் அவருக்கு ஆபத்து இருக்கிறதா என்று விசாரிக்க வரும். 2020இல் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் காவலில் அடிபட்டு இறந்ததைப் பற்றி உண்மை சொன்னது அந்த நிலையத்தின் பெண் தலைமைக் காவலர். விசாரிக்கப் போன கோவில்பட்டி நீதித்துறை நடுவர், அவர் பயந்து பயந்து, நெடுநேரம் தயங்கித்தான் வாக்குமூலத்தில் கையெழுத்திட்டார் என்று அறிக்கை எழுதினார். சீருடை போட்டவருக்கே அந்த நிலை என்றால் டீக்கடைக்காரர் எப்படி வருவார்?

பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 398ஆவது பிரிவு ஒவ்வொரு மாநில அரசும் தனக்கான சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தை வகுத்து அறிவிக்க வேண்டும் என்கிறது. டெல்லியில் எழுதிய திட்டத்தை அப்படியே நகலெடுக்கத் தேவையில்லை. உறுப்பினர் செயலாளர் பொறுப்பை மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக் குழுவுக்கு மாற்றலாம். ஏழை எதிரிக்கு வழக்கறிஞர் கொடுப்பதும் அதே அமைப்புதான், அங்கே விண்ணப்பம் கொடுக்க இரு தரப்பும் பயப்பட வேண்டியதில்லை. போலீஸ்காரர் எதிரியாக இருக்கும் வழக்கில் ஆபத்து அறிக்கையை நீதித்துறை நடுவர் கொடுக்கலாம். மூன்று மாதம் என்பதைச் சாட்சியம் முடியும்வரை என்று திருத்தலாம். முதல் விசாரணையும் குறுக்கு விசாரணையும் ஒரே நாளில், அல்லது அடுத்தடுத்த நாட்களில், பதிவுக் கருவி ஓடிக்கொண்டிருக்கும்போதே நடந்து முடிய வேண்டும். வழக்கறிஞர் சங்கங்கள் தீர்மானம் போட்டு அரசிடம் கேட்க வேண்டியவை இவை. திரையை எடு என்று கேட்டுக்கொண்டிருக்கும் நேரத்தில் இதைக் கேட்டிருந்தால், எங்கள் தரப்புச் சாட்சிகளில் எத்தனையோ பேர் கூண்டேறியிருப்பார்கள்.